நாற்பத்தேழாவது நிமிடம்

அட்டையில் என் பெயர் ரிஷி.
கூட்டுறவுச் சங்கத்தில் ஆவுடைநாயகம்,
உர மூட்டைக்குக் கணக்கு எழுதுகிறவன்.
இரண்டு பேருக்கும் ஒரே பேனா.

பத்தொன்பது படம்.
ஒன்றும் தியேட்டர் வாசலை மிதித்ததில்லை.
திருநெல்வேலி ஜங்ஷனில்
பலவேசத்தின் கேசட் கடையில்,
பக்திப் பாடல்களுக்குப் பின்னால் இருந்த அடுக்கில் பிறந்து
கறுப்புப் பையில் ஊர் போய்ச் சேரும்.

"கதை வேண்டாம்வே, கதவு போதும்"
என்பார் பலவேசம்.
திறக்கிற கதவு, தாழ் விழாத கதவு,
சாவித்துளை உள்ள கதவு.
பதினோரு நிமிடத்துக்கு ஒன்று வந்தாக வேண்டும்.
"நடுவுல கெடக்க நேரம் உமக்கு.
எவனை வேணும்னாலும் கொல்லும்."

கொன்றேன்.
குற்றாலத்தில், சீசன் முடிந்து
குரங்குகள் மட்டும் வாடகை தராமல் தங்கும் மாதங்களில்
ஒரே லாட்ஜில், ஏழாம் எண் அறையில்.
திரைச்சீலை மாறும். கட்டில் மாறாது.
போன படத்தில் பிணம் கிடந்த இடத்தில்
இந்தப் படத்தின் முதலிரவு.
விஷம், கயிறு, அருவிப் பாறை,
ஒருமுறை மிக்ஸி ஒயர்.
ரத்தத்துக்கு நன்னாரி சர்பத்.
செத்தவன் மேல் எறும்பு ஏறும்;
கேமராக்காரர் குனிந்து ஊதி ஊதி விரட்டுவார்.

"ராத்திரியெல்லாம் என்ன எழுதுதீய?"
என்று ராஜபுஷ்பம் கேட்டாள்.
தணிக்கை என்றேன்.
என் படம் எதுவும் கண்டிராத ஒன்றின் பெயரை
வீட்டில் தினமும் சொன்னேன்.

பதினாலாவது படம்.
அட்டையில் மோனிஷா,
நாசரேத்தில் எப்சிபா.
ஈரத் தலையில் துண்டோடு உட்கார்ந்து
என் தாள்களைக் கடைசி வரை புரட்டிவிட்டுக் கேட்டாள்:
"சார், இவனை நான் எதுக்குக் கொல்லுதேன்?"

யாரும் கேட்டதில்லை.
எழுதியவனும் கேட்டதில்லை.

அன்று இரவு, கரண்ட் போன பிறகு,
யூரியா பட்டியலின் பின்பக்கத்தில்
இரண்டு பக்கம் எழுதினேன்.
ஒரு பொத்தானும் கழலாத இரண்டு பக்கம்.
காலையில் ஒரே டேக்.
ஜெனரேட்டர்காரன் பீடியைப் பற்றவைக்காமல்
கையிலேயே வைத்திருந்தான்.

கடைக்கு வந்த டிஸ்க்கில்
நாற்பத்தேழாவது நிமிடத்தில் ஒரு துள்ளல்.
கீறல் விழுந்திருக்கும் என்று
வேட்டி நுனியால் துடைத்துத் துடைத்துப் போட்டேன்.
"அந்த எடத்துல சனம் ஃபார்வேர்டு பண்ணும்வே.
நானே பண்ணிக் குடுத்துட்டேன்"
என்றார் பலவேசம்.
பாக்கிப் பணத்தை முழுசாகத் தந்தார், அது வேறு.
அதன்பின் ஐந்து படம் எழுதினேன். கதவுகள்.

இப்போது அந்தக் கடையில் போன் உறை விற்கிறார்கள்.

போன ஐப்பசி,
வண்ணார்பேட்டையில் கண் ஆஸ்பத்திரி.
சொட்டு விட்டு மூடியிருக்கச் சொன்ன வரிசை.
நர்ஸ் "எப்சிபா" என்றாள்.
பக்கத்து நாற்காலி "இருக்கேன்" என்றது.

அந்தக் குரலைத் தெரியும் என்று சொல்லி வருகிற ஆண்கள்
எந்த வகை என்று அவளுக்குத் தெரியும்.
எனக்கும் தெரியும்.
வாயைத் திறக்க வெகுநேரம் ஆயிற்று.
"இவனை எதுக்குக் கொல்லுதேன்னு
ஒருநாள் கேட்டீங்களே" என்றேன்.

மருந்து எரிந்தது.
அவள் எழுந்து போய்விட்டாள் என்றே நினைத்தேன்.
பிறகு, கூட்டத்தில் சில்லறை எண்ணுவது போன்ற குரலில்,
"கதவைச் சாத்தாண்டாம்.
நான் ஓடலைன்னு ஊர் பாக்கட்டும்."

அடுத்த வரி எனக்கு மறந்துபோயிருந்தது.
அவளுக்கு இருந்தது.
அதற்கடுத்ததும்.
ஓரிடத்தில் என் சொல்லை எடுத்துவிட்டு
வேறொன்று வைத்திருந்தாள்.
அதுதான் சரியான சொல்.

இரண்டு பக்கமும் முடிந்தது.
எதிர் வரிசையில், கண்கட்டுப் போட்ட யாரோ
நாற்காலியை முன்னால் இழுக்கும் சத்தம்.
"அப்புறம் என்னம்மா ஆச்சு?"

"தெரியலய்யா" என்றாள்.
"இவ்வளவுதான் எழுதியிருக்காவ."